நின்றுபோன பாடம் (உரை வளர்ந்த கதை – 12)

ஸ்ரீரங்கத்தில் ஒருநாள் பாடம் நின்றுபோனது. ஆசிரியர் சுவடியைக் கட்டினார், எழுந்தார், போய்விட்டார். மறுநாள் வரவில்லை. அதற்கடுத்த நாளும் வரவில்லை.

நடந்துகொண்டிருந்தது நம்மாழ்வாரின் திருவாய்மொழிப் பாடம். மொத்தம் 1102 பாட்டு. பாடம் நின்ற இடம் இரண்டாம் பத்தில் மூன்றாம் திருவாய்மொழியின், அதாவது மூன்றாம் பதிகத்தின், மூன்றாம் பாட்டு. முதலிலிருந்து எண்ணினால் 135-ஆவது. ஆசிரியர் திருமாலையாண்டான். எதிரே உட்கார்ந்து கேட்டவர் ராமாநுஜர்.

சென்ற இதழில், வேத வாக்கியத்துக்குப் பொருள் நிர்ணயிக்க மீமாம்சகர்கள் வகுத்த அளவுகோல்களைப் பார்த்தோம். வேள்விச் சாலையிலிருந்து வந்த அந்தக் கணக்கு ஒரு தமிழ்ப் பாட்டின் முன்னே வந்து நின்றால் என்ன ஆகும் என்பதற்கு இந்த நின்றுபோன பாடத்தைவிடத் தெளிவான சாட்சி எனக்குத் தெரியவில்லை. குருபரம்பரை நூல்கள் இதைச் சொல்கின்றன. திருவாய்மொழியின் பெரிய வியாக்கியானமான ஈடும் இதன் சுவட்டைப் பாதுகாத்து வைத்திருக்கிறது.

முதலில், அந்த அறையில் இல்லாத ஒருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் ஆளவந்தார். ராமாநுஜருக்குக் குருவாகியிருக்க வேண்டியவர். அவரைப் பார்ப்பதற்காகப் பெரிய நம்பியுடன் காஞ்சியிலிருந்து நடந்து வந்த இளைஞர், காவிரிக் கரையை அடைந்தபோது ஆளவந்தாரின் திருமேனியைத்தான் கண்டார். வலக்கையில் மூன்று விரல்கள் மடங்கியிருந்தன என்கிறது மரபு. உயிரோடிருந்தபோது அப்படி இல்லை என்று சீடர்கள் சொன்னார்கள். ராமாநுஜர் அந்த விரல்களை நிறைவேறாத மூன்று விருப்பங்களாகப் படித்தார். பிரம்ம சூத்திரத்துக்கு உரை வேண்டும். வியாசர், பராசரர் பெயர்கள் நிலைக்க வேண்டும். நம்மாழ்வாரின் பெயரும் பாட்டும் பரவ வேண்டும். ஒவ்வொன்றையும் முடிப்பதாக அவர் சொல்லச் சொல்ல ஒவ்வொரு விரலாக நிமிர்ந்ததாம். எழுத்தும் இல்லை, சொல்லும் இல்லை; மடங்கிய விரல் மட்டும். அதற்கும் பொருள் சொன்னவராகத்தான் ராமாநுஜர் அந்தப் பரம்பரைக்குள் நுழைகிறார்.

ஆளவந்தாரிடம் நேரே கேட்க முடியாததை, அவரிடம் கேட்டவர்களிடம் பங்கு பங்காகக் கேட்டுச் சேர்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. பெரிய நம்பி, திருக்கோட்டியூர் நம்பி, பெரிய திருமலை நம்பி, திருவரங்கப் பெருமாள் அரையர், திருமாலையாண்டான் என்று ஐந்து ஆசிரியர்கள். திருவாய்மொழிப் பொருள் ஆண்டானின் பங்கு. அவர் திருமாலிருஞ்சோலைக்காரர், அழகர் மலையடிவாரத்து மனிதர். திருக்கோட்டியூர் நம்பியே அவரை அழைத்து வந்து ராமாநுஜருக்குப் பாடம் சொல்லும்படி அமர்த்தினார். ஆண்டான் சொன்னது ஒன்றே ஒன்றுதான்: ஆளவந்தார் வாயால் தாம் கேட்டது. அதில் கூட்டவும் குறைக்கவும் அவர் தமக்கு உரிமை எடுத்துக்கொள்ளவில்லை.

இனி அந்தப் பாட்டு. நான்கு அடிகளும் அறியாமையைச் சுட்டும் ஒரே சொல்லில் தொடங்குகின்றன. செய்தி இதுதான்: ஒன்றும் அறியாத பருவம், அந்தப் பருவத்தில் அடிமைத் தொண்டில் அன்பு உண்டாக்கப்பட்டது, அறியாமையாகிய பெரிய மாயை, அடியேன், ‘வைத்தாய்’ என்ற வினை. பின்னிரண்டு அடிகளில் குறளனாக வந்து மாவலியிடம் மூன்றடி மண் கேட்டு அவன் அறியாமல் வஞ்சித்ததும், என் உயிருக்குள் கலந்ததும் வருகின்றன.

ஆண்டான் சொன்ன பொருள் பாட்டின் சொல்வரிசையை அப்படியே பின்பற்றியது. அறியாத பருவத்திலேயே உன் தொண்டில் எனக்கு ஆசையை உண்டாக்கினாய். உண்டாக்கிவிட்டு, ஒன்றும் புலப்படாத இந்த சம்சார மாயையில் என்னைக் கொண்டுவந்து வைத்துவிட்டாயே! பசியைத் தூண்டிவிட்டு அடுக்களைக் கதவைச் சாத்துவதுபோல என்று வைத்துக்கொள்ளலாம். ஆழ்வார் முறையிடுகிறார், கடவுளைக் குறைபட்டுக்கொள்கிறார். இலக்கணப்படி இதில் ஒரு பிசகும் இல்லை. முதலில் எச்சம், பிறகு முற்று. முதலில் அன்பு செய்வித்தல், பிறகு மாயையில் வைத்தல். மாவலியை வஞ்சித்ததுபோல என்னையும் வஞ்சித்தாய் என்று பின்னடிகளும் கூட வரும்.

ராமாநுஜர் பொறுமையாகக் கேட்டிருப்பார். ஆனால் மனம் ஒப்பவில்லை. அவர் பாட்டை வேறு விதமாகக் கூட்டினார். மாயையில் கிடந்தவன் முன்பே அடியேன்தான். அப்படிக் கிடந்த என்னை, நான் ஒன்றும் அறியாத காலத்திலேயே, உன் தொண்டில் அன்புள்ளவனாகச் செய்து வைத்தாயே! இப்போது அது நன்றி. வியப்பு. கேட்காமலே கிடைத்த ஒன்றை நினைத்து நெகிழ்தல்.

இரண்டு பொருளுக்கும் நடுவே இருப்பது ‘வை’ என்ற சிறிய வினை. ஆண்டானுக்கு அது முழு வினை: ஓர் இடத்தில் கொண்டுபோய் வைத்தல். ராமாநுஜரின் கூட்டில் அது துணைவினையாகச் சாய்ந்துகொள்கிறது. ‘கல்யாணம் பண்ணி வைத்தார்கள்’, ‘படிக்க வைத்தார்கள்’ என்று நாம் தினமும் சொல்கிறோமே, அந்த ‘வை’. முதல் ‘வை’யில் ஒருவன் கைவிடப்படுகிறான், இரண்டாவதில் ஒருவனுக்கு நல்லது நடக்கிறது. ஒரு சொல்லும் மாறவில்லை, ஓர் எழுத்தும் கூடவில்லை. எச்சம் எதோடு சேர்கிறது என்பது மட்டும் மாறியது. கடவுளுக்கும் மனிதனுக்கும் உள்ள கணக்கே புரண்டுவிட்டது. மாவலி கதையும் உடனே முகம் மாற்றிக்கொள்கிறது. அவன் அறியாமல் அவனுடைய உலகை எடுத்துக்கொண்டவன், நான் அறியாமல் என்னையும் தனக்கென்று எடுத்துக்கொண்டான் என்று இனிக்க ஆரம்பிக்கிறது.

ராமாநுஜர் தம் பொருளுக்குச் சொன்ன காரணம்தான் நம் தொடருக்கு முக்கியம். இந்தத் திருவாய்மொழி முழுவதும் ஆழ்வார் களிப்பில் பாடியது. முன்னும் பின்னும் ஆனந்தம் ததும்பும்போது நடுவில் ஒரு பாட்டு மட்டும் முறையீடாக இருப்பது சேராது.

வரிசையாக வாசித்துப் பார்த்தால் அவர் சொன்னதன் பலம் தெரியும். இரண்டாம் பத்தின் முதல் திருவாய்மொழியில் ஆழ்வார் பிரிவாற்றாத பெண்ணாகப் பேசுகிறார். நாரையும் அன்றிலும் கடலும் காற்றும் மேகமும் நிலவும் விளக்கும் எல்லாமே தன்னைப் போலவே அவனைப் பிரிந்து வாடுவதாக அவளுக்குத் தோன்றுகிறது. இரண்டாவதில் அவனுடைய மேன்மை பேசப்படுகிறது. மூன்றாவதில் சேர்க்கை, தேனும் பாலும் கலந்தாற்போல் இருவரும் கலந்த இன்பம். அதன் முடிவில் இந்த இன்பத்தை உடன் நுகர அடியார்கள் இல்லையே, அவர்கள் கூட்டத்தோடு சேர்வது என்றைக்கோ என்ற ஏக்கம் எட்டிப் பார்க்கிறது. நான்காவதில் மறுபடி சரிவு. மகள் துவண்டு கிடக்க, தாய் பேசுகிறாள். இப்படி ஏறி இறங்கும் மனத்தின் படத்தில் மூன்றாவது பதிகம் ஓர் உச்சி. உச்சியில் நிற்பவன் கீழே பார்த்து, எங்கிருந்து ஏற்றிவிட்டான் என்று வியக்கலாம். என்னை ஏன் கீழே வைத்தாய் என்று குறைபட மாட்டான்.

ஒரு பாட்டுக்குப் பொருள் அந்தப் பாட்டுக்குள் மட்டும் இல்லை, பதிகத்தில் இருக்கிறது; பதிகத்தின் பொருள் முன்பின் பதிகங்களின் தொடர்ச்சியில் இருக்கிறது. பிற்கால வியாக்கியானங்கள் ஒவ்வொரு பாட்டுக்கும் ஒவ்வொரு திருவாய்மொழிக்கும் முன்னால் ‘அவதாரிகை’ எழுதி, முன்னதற்கும் பின்னதற்கும் ‘சங்கதி’ சொல்லிவிட்டுத்தான் சொற்பொருளுக்குள் நுழைகின்றன. அவதாரிகை இறங்குதுறை மாதிரி. ஆற்றில் எந்தப் படியில் காலை வைக்க வேண்டும் என்று காட்டிவிட்டு விலகிக்கொள்ளும். அந்த முறையின் கருவை இந்தச் சச்சரவிலேயே பார்க்கிறேன்.

ஆண்டான் ஏற்றுக்கொள்ளவில்லை. இது ‘விசுவாமித்திர சிருஷ்டி’ என்று சொல்லி எழுந்துவிட்டார். திரிசங்குவுக்காகப் படைக்கப்பட்ட போட்டி உலகத்தைப்போல, ஆளவந்தார் சொல்லாத ஒன்றை நீர் புதிதாகப் படைக்கிறீர் என்பது அதன் கருத்து.

ஆண்டானைக் கோபக்காரராகவும் குறுகிய மனத்தவராகவும் காட்டிவிட்டு ராமாநுஜரை உயர்த்துவது எளிது. சொற்பொழிவுகளில் பல முறை அப்படித்தான் சொல்லக் கேட்டிருக்கிறேன். அது அநியாயம் என்று எனக்குப் படுகிறது. ஆண்டான் கையில் இருந்தது அச்சுப் புத்தகம் இல்லை. செவிவழி வந்த கேள்விச் செல்வம். ஆளவந்தாரின் குரல் அடங்கிப்போய்விட்டது. அந்தக் குரலில் கேட்டதைக் கேட்டபடி காப்பாற்ற உலகத்தில் எஞ்சியிருந்தவர் சிலரே. அவர்களில் ஒருவர், கேட்காத ஒன்று கேட்டதோடு கலந்துவிட்டால் பிறகு எது எது என்று யாரால் பிரிக்க முடியும் என்று அஞ்சினால், அந்த அச்சத்துக்கு மரியாதை உண்டு.

மீமாம்சக் கணக்கும்கூட முதல் பார்வையில் ஆண்டான் பக்கமே சாய்கிறது. ஜைமினியின் வரிசையை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள்: சுருதி, லிங்கம், வாக்கியம், பிரகரணம், ஸ்தானம், சமாக்யை. வேள்வியில் எது எதற்கு அங்கம் என்று முடிவு செய்யும்போது இவற்றில் இரண்டு மோதினால் முன்னது வெல்லும். இந்திரனைப் போற்றும் மந்திரமாக இருந்தாலும், கார்ஹபத்ய அக்கினியை அதனால் வழிபடு என்று நேர்விதி இருந்தால் விதிதான் நிற்கும். மந்திரத்தின் சொல் இந்திரனைக் காட்டுகிறது என்பது தோற்றுப்போகும். அந்த வரிசையில் வாக்கியம் மூன்றாவது, பிரகரணம் நான்காவது. சொற்கள் நேராகச் சேர்ந்து தரும் பொருள், சூழல் தரும் பொருளைவிட வலியது. ஆண்டான் வாக்கியத்தில் நின்றார். ராமாநுஜர் பிரகரணத்தைக் கூப்பிட்டார்.

ஆனால் ராமாநுஜரும் மீமாம்சை அறியாதவர் இல்லையே. சூழலுக்காக வாக்கியத்தை அவர் உடைத்திருந்தால் ஆண்டான் சொன்னதுபோல அது புதுப் படைப்பாகவே இருந்திருக்கும். வாக்கியத்துக்குள்ளேயே, சூழலுக்கு இசைந்த இன்னொரு கூட்டு ஒளிந்திருப்பதைத்தான் அவர் எடுத்துக் காட்டினார். மேலும் ஒரு நூலின் முழுத் தாற்பரியத்தைத் தீர்மானிக்க வேதாந்திகள் கைக்கொண்ட வேறு அளவுகோல்கள் உண்டு. தொடக்கமும் முடிவும் ஒத்துப்போகிறதா, எது திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது என்று பார்க்கும் முறை அது. பிரம்ம சூத்திரத்துக்கு ஸ்ரீபாஷ்யம் எழுதிய கை, தமிழ்ப் பதிகத்தையும் அதே மரியாதையோடு தொட்டது. வேதத்துக்குக் கொடுக்கும் வாசிப்பைத் தமிழுக்கும் கொடுத்தது என்பதே அந்த நூற்றாண்டில் பெரிய செய்தி. ‘உபய வேதாந்தம்’ என்ற பெயர் வெறும் புகழ்ச்சியாக நிற்காமல் வேலையாக மாறிய இடம் இது.

தமிழ் இலக்கணமும் இதற்கு இடம் வைத்திருந்தது. செய்யுளில் சொற்கள் நின்ற வரிசையிலேயே பொருள் கொள்ள வேண்டியதில்லை என்று நம் இலக்கணிகள் மிகப் பழைய காலத்திலேயே ஒப்புக்கொண்டார்கள். தொல்காப்பியம் நிரல்நிறை, சுண்ணம், அடிமறி, மொழிமாற்று என நான்கைச் சொல்கிறது. பிறகு வந்த நன்னூல் பொருள்கோளை எட்டாக விரிக்கிறது. எங்கோ நிற்கும் சொல்லை எடுத்து வேறு எங்கோ சேர்த்துப் பொருள் காணும் ‘கொண்டுகூட்டு’ அந்த எட்டில் ஒன்று. பள்ளிக்கூடத்தில் மதிப்பெண்ணுக்காக மனப்பாடம் செய்து மறந்த பட்டியல் இது. நம்மாழ்வாரின் ஒரு பாட்டில் ராமாநுஜர் அதைப் பயன்படுத்திய விதத்தைப் பார்த்த பிறகு எனக்கு அந்தப் பட்டியல் உயிரோடு தெரிந்தது.

செய்தி திருக்கோட்டியூருக்குப் போனது. நம்பி புறப்பட்டு வந்தார். எந்த நம்பி என்று வாசகர்களுக்கு நினைவிருக்கும்: ஒரு மந்திரப் பொருளுக்காக ராமாநுஜரைப் பதினெட்டு முறை நடக்க வைத்தவர். கேள்விப் பொருளைக் காப்பதில் அவரைவிடக் கறாரானவர் அந்தக் காலத்தில் இல்லை. அவர் ஆண்டானிடம் என்ன நடந்தது என்று விசாரித்தார். ஆண்டான் இரண்டு பொருளையும் சொன்னார். கேட்டுவிட்டு நம்பி சொன்னது: இந்தப் பொருளையும் ஆளவந்தார் சொல்ல நான் கேட்டிருக்கிறேன். சாந்தீபனியிடம் கண்ணன் ஓதியதுபோல இவர் உம்மிடம் கேட்கிறார். இவர் அறியாததை நாம் கற்பிக்கிறோம் என்று எண்ண வேண்டாம்.

பாடம் மறுபடி தொடங்கியது. ஆனால் பிணக்கு அதோடு தீரவில்லை. வேறு பாட்டுகளிலும் ராமாநுஜர் வேறு பொருள் சொன்னார். இதை நான் ஆளவந்தாரிடம் கேட்கவில்லையே என்றார் ஆண்டான். அதற்கு ராமாநுஜர், தாம் ஆளவந்தாருக்கு ஏகலைவன் என்று பதில் சொன்னாராம்.

இந்த ஒரு சொல்லுக்காகவே இந்தக் கதையைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். ஏகலைவன் குருவின் உருவத்தை மண்ணில் செய்து வைத்துக்கொண்டு வித்தை பழகியவன். குரு ஒரு நாளும் வாய் திறந்து அவனுக்குச் சொன்னதில்லை. காவிரிக் கரையில் மடங்கிய விரல்களை மட்டும் பார்த்தவர் இந்தப் பெயரைத் தமக்குச் சூட்டிக்கொள்ளும்போது, அதில் பணிவும் இருக்கிறது, தீராத ஒரு துக்கமும் இருக்கிறது, உரிமைக் குரலும் இருக்கிறது. நான் அவரைக் கேட்கவில்லை. ஆனாலும் அவருடைய மாணவன்.

நம்பியின் சாட்சியத்தை எப்படி எடுத்துக்கொள்வது? அவர் உண்மையிலேயே கேட்டிருக்கலாம். ஒரே பாட்டுக்கு ஆளவந்தார் ஒருநாள் ஒரு பொருளும் மற்றொரு நாள் இன்னொரு பொருளும் சொல்லியிருக்கலாம். சபைக்கு ஏற்பப் பொருள் விரிப்பது அந்தப் பரம்பரையில் வழக்கம்தான். மரபு அப்படித்தான் நம்புகிறது. கதை அமைந்திருக்கும் விதத்தையும் கவனியுங்கள். புதிய பொருள் சரியானது என்பதற்கு, பதிகம் களிப்பில் அமைந்தது என்ற காரணம் மட்டும் போதவில்லை. யாரோ ஒருவர் அதைக் கேட்டிருக்க வேண்டியிருந்தது. நூலும் ஒப்ப வேண்டும், கேள்வியும் ஒப்ப வேண்டும். ஒன்று மட்டும் இருந்தால் பாடம் தொடங்காது.

ஜெர்மனியில் ஷ்லையர்மாகர் 1829-இல் பெர்லின் அகாதமியில் பொருள்கோள் பற்றிப் பேசியபோது, பகுதியை முழுமையால் அறிய வேண்டும், முழுமையைப் பகுதிகளால்தான் அறிய முடியும் என்ற சுழலை எடுத்துக்கொண்டு விரித்தார். அவரும் தேவாலயத்தில் பிரசங்கம் செய்தவர். பைபிள் வாசிப்பிலிருந்து அந்தக் கேள்விக்கு வந்தவர். 1960-இல் காடமர், வாசிப்பவன் மரபுக்கு வெளியே நின்று எந்த நூலையும் புரிந்துகொள்வதில்லை என்று ஒரு பெரிய நூலே எழுதினார். அவர்களைப் பற்றி இந்தத் தொடரின் பிற்பகுதியில் விரிவாகப் பார்ப்போம். இப்போதைக்கு, ராமாநுஜர் பதிகத்தைச் சுட்டியதையும் நம்பி கேள்வியைச் சுட்டியதையும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே போனதும் தேவைப்படும்.

இந்தச் சச்சரவு நமக்கு எப்படித் தெரிகிறது என்பதையும் யோசிக்க வேண்டும். வென்றது ராமாநுஜரின் பொருள். பிற்காலத்தார் அந்த ஒன்றை மட்டும் எழுதி வைத்திருந்தால் ஆண்டானின் பொருள் காற்றோடு போயிருக்கும். ஈடு அப்படிச் செய்யவில்லை. ஆண்டான் இப்படிச் சொல்வார், எம்பெருமானார் (ராமாநுஜர்) இப்படிச் சொல்வார் என்று இரண்டையும் பதிந்து வைத்திருக்கிறது. இதற்கு அவர்கள் வைத்த பெயர் ‘நிர்வாகம்’. ஆண்டான் நிர்வாகம், பட்டர் நிர்வாகம் என்பார்கள். இன்று ஆலையையும் அலுவலகத்தையும் நடத்துவதற்கு நாம் சொல்லும் அதே சொல். ஒரு பாட்டைச் சிக்கலில்லாமல் நடத்திக்கொண்டுபோய்க் கரை சேர்ப்பது அவர்களுக்கு நிர்வாகம். ஏற்றுக்கொள்ளப்படாத நிர்வாகத்தையும் சொன்னவரின் பெயரோடு காப்பாற்றிய உரை மரபைப் பார்க்கும்போது எனக்குக் கைகூப்பத் தோன்றுகிறது. தோற்ற வாசிப்பை அழித்துவிடும் மரபுகளையும் இந்தத் தொடரில் பார்த்திருக்கிறோம்.

நிர்வாகங்கள் எல்லாம் இலக்கணத்தால் வந்தவையும் அல்ல. இன்னொரு கதை. எட்டாம் பத்தில் ஓர் இடத்தில், சிறியவர்களும் பெரியவர்களுமான மனிதர்கள் என்ற பொருள்பட ஒரே தொடராக ஆழ்வார் பாடுகிறார். ராமாநுஜரின் சீடர் கூரத்தாழ்வானின் சிறு மகன் தந்தையிடம் கேட்டான்: சிறிது என்றால் பெரிது ஆகாது, பெரிது என்றால் சிறிது ஆகாது, ஒருவரே இரண்டாகவும் இருப்பது எப்படி? கூரத்தாழ்வான் சாத்திரம் எடுக்கவில்லை. பூணூல் போடாத பிள்ளைக்கு வேத வாக்கியம் சொல்வதற்கில்லை. அங்கே நடமாடிக்கொண்டிருந்த, உருவத்தில் மெலிந்த அடியார்கள் சிலரைக் காட்டினார். உடம்பில் சிறியவர்கள், ஞானத்தில் பெரியவர்கள், இவர்கள்தான் என்றார். பையனுக்குப் புரிந்துவிட்டது. சொல்லுக்குப் பொருள் இன்னொரு சொல்லில் கிடைக்காதபோது தெருவில் நடந்து போகும் மனிதரிடம் கிடைத்தது.

அந்தப் பையன்தான் பராசர பட்டர். ஆளவந்தாரின் இரண்டாம் விரலுக்காக ராமாநுஜர் பெயர் வைத்த பிள்ளை. மூன்றாம் விரலுக்காக, திருக்குருகைப் பிரான் என்ற நம்மாழ்வாரின் பெயரைப் பெரிய திருமலை நம்பியின் மகனுக்கு வைத்தார். திருக்குருகைப் பிரான் பிள்ளானே திருவாய்மொழிக்கு முதல் வியாக்கியானம் எழுதியவர்.

ஏன் ராமாநுஜரே எழுதவில்லை? சீடர்கள் கேட்டார்களாம். நான் எழுதினால் திருவாய்மொழிக்கு இவ்வளவுதான் பொருள் என்று பின்னால் வருகிறவர்கள் எல்லை கட்டிவிடுவார்கள் என்று மறுத்து, பிள்ளானை எழுதச் சொன்னார் என்கிறது மரபு. விசுவாமித்திர சிருஷ்டி என்ற வசையைக் கேட்டவர் இந்த முடிவுக்கு வந்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை. தாம் இன்னொருவர் பொருளைத் தாண்டியதுபோல் மற்றவர்கள் தம்மைத் தாண்ட வழி விட்டார்.

பிள்ளான் எழுதியது ஆறாயிரப்படி. படி என்பது 32 எழுத்து கொண்ட அளவு. மெய்யெழுத்தைக் கணக்கில் எடுப்பதில்லை. ஆறாயிரம் படி என்றால் 1,92,000 எழுத்து. விஷ்ணு புராணத்தின் அளவு என்று ஒப்பிடுவார்கள். சுருக்கமான உரை, வடசொல் மிகுந்த மணிப்பிரவாளம், ஸ்ரீபாஷ்யத்தின் நடை ஊடாடும். அதற்குப் பிறகு வந்தது ஒன்பதினாயிரப்படி. எழுதியவர் நஞ்சீயர். மேல்கோட்டையில் அத்வைத வித்வானாக வாழ்ந்தவர். பட்டர் அங்கே சென்று வாதிட்டு வென்ற பிறகு, வீட்டையும் செல்வத்தையும் துறந்து, துறவியாக ஸ்ரீரங்கம் வந்து பட்டரிடம் சேர்ந்தார். பட்டர் வாயால் ‘நம் ஜீயர்’ என்று அழைக்கப்பட்டு அந்தப் பெயராலேயே நிலைத்தார்.

நஞ்சீயர் உரையை எழுதி முடித்துவிட்டார். நல்ல கையெழுத்தில் ஒரு படி எடுக்க வேண்டும். யாரைக் கேட்கலாம் என்று பார்த்தபோது நம்பூர் வரதராஜன் என்ற இளைஞரைச் சொன்னார்கள். நஞ்சீயர் அவருக்கு முழு உரையையும் ஒரு முறை சொல்லிக் காட்டிவிட்டு மூல ஓலைக் கட்டை ஒப்படைத்தார். அமைதியாகத் தம் ஊரில் இருந்து எழுதி வருகிறேன் என்று வரதராஜன் புறப்பட்டார். நடுவில் காவிரி. வெள்ளம். கட்டைத் தலையில் கட்டிக்கொண்டு நீந்தினார். ஓர் அலை அடித்தது. கட்டு போய்விட்டது.

ஒரே ஒரு பிரதி. ஒரு மனிதரின் ஆயுள் உழைப்பு. அன்று அந்த இளைஞர் கரையேறி நின்ற கோலத்தை நினைத்தால் இப்போதும் வயிறு கலங்குகிறது.

அவர் வீட்டுக்குப் போய் வெற்றோலைகளை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். கேட்டதை நினைவிலிருந்து எழுதினார். அவர் தமிழில் தேர்ந்தவர். எழுதும்போது சில இடங்களில் பாட்டுக்கு இன்னும் பொருத்தமான பொருள் தோன்றியது, அதையும் எழுதினார். எழுதி முடித்துக் கொண்டுவந்து ஆசிரியரின் முன்னே வைத்தார். நஞ்சீயர் பிரித்துப் பார்த்தார். தாம் சொன்னதும் இருந்தது. தாம் சொல்லாததும் இருந்தது. என்ன இது என்று கேட்டார். வரதராஜன் வெள்ளத்தைச் சொன்னார்.

அதே கேள்வி, இரண்டு தலைமுறைக்குப் பிறகு, அதே ஊரில். ஆசிரியர் சொல்லாத பொருளை மாணவன் எழுதிக்கொண்டு வந்திருக்கிறான். ஆண்டான் சுவடியைக் கட்டி எழுந்து போனார். நஞ்சீயர் எழுந்து மாணவனைக் கட்டிக்கொண்டார். ‘நம் பிள்ளை’ என்றார். பெயர் நம்பிள்ளை என்றே நின்றுவிட்டது. ராமாநுஜர் போட்ட வழக்கில் தீர்ப்பு இந்த இடத்தில்தான் முழுமையாக வந்தது என்று நினைக்கிறேன். இங்கே திருக்கோட்டியூரிலிருந்து சாட்சி சொல்ல யாரும் வர வேண்டியிருக்கவில்லை.

பிறகு நம்பிள்ளை ஸ்ரீரங்கத்தில் உட்கார்ந்து திருவாய்மொழி சொன்னபோது கூட்டம் நெருக்கியடித்தது. கோயிலுக்கு வந்த கூட்டமா, பிள்ளையைக் கேட்க வந்த கூட்டமா என்று ஐயுறும்படி இருந்ததாகச் சொல்வார்கள். கேட்டவர்களில் இருவர் முக்கியம். பெரியவாச்சான் பிள்ளை ஆசிரியரின் கட்டளை பெற்று இருபத்துநாலாயிரப்படி எழுதினார், ராமாயண அளவு. இன்னொருவர் வடக்குத் திருவீதிப் பிள்ளை. அவர் யாருடைய கட்டளையும் பெறவில்லை. பகலில் கேட்டதை இரவில், கேட்ட சூடு ஆறுமுன், கேட்ட சொல்லிலேயே எழுதி வந்தார். ஆசிரியர் நடுவில் சொன்ன பழைய ஆசாரியர்களின் கதைகள், யாரோ எழுந்து கேட்ட கேள்வி, அதற்கு வந்த பதில், ஆண்டான் நிர்வாகம், எம்பெருமானார் நிர்வாகம், தந்தையிடம் கேட்ட பட்டர், எல்லாம் ஓலையில் ஏறின. முடித்தபோது முப்பத்தாறாயிரம் படி இருந்தது. பதினோரு லட்சத்துக்கும் மேற்பட்ட எழுத்து. நாம் ஈடு என்று சொல்வது அதைத்தான்.

ஒருநாள் நம்பிள்ளை சீடரின் வீட்டுக்கு எழுந்தருளினார். ஓலைக் கட்டுகள் கண்ணில் பட்டன. என்ன என்று கேட்டார். மறந்துபோகாமல் இருப்பதற்காக எழுதி வைத்தேன் என்றார் சீடர். நம்பிள்ளை வாசித்துப் பார்த்தார். நான் சொன்னதெல்லாம் ஒன்று விடாமல் இருக்கிறது என்று மகிழ்ந்தார். ஆனால் என்னைக் கேட்காமல் எழுதியது தகாது என்றார். வெள்ளத்தில் ஓலை போனபோது தம்மைக் கட்டிக்கொண்ட ஆசிரியரின் மாணவர், தாமே ஆசிரியராக இருக்கும்போது ஓலைக் கட்டை வாங்கி வைத்துக்கொண்டார். பின்னர் ஈயுண்ணி மாதவப் பெருமாள் என்ற சீடர் விரும்பிக் கேட்டபோது அவர் கையில் கொடுத்தார். இது வெளியே பரவ வேண்டாம். ஒரு வாயிலிருந்து ஒரு செவிக்கு என்று ஓராண்வழியாகப் போகட்டும் என்ற கட்டுப்பாட்டோடு கொடுத்தார்.

மாதவப் பெருமாள் தம் மகன் பத்மநாபப் பெருமாளுக்குச் சொன்னார். அவர் நாலூர்ப் பிள்ளைக்கு, நாலூர்ப் பிள்ளை தம் மகன் நாலூராச்சான் பிள்ளைக்கு. இதற்கிடையே 1323-இல் டெல்லிப் படை ஸ்ரீரங்கத்துக்குள் வந்தது. கோயிலின் உற்சவரான நம்பெருமாள் ஊரை விட்டுப் புறப்பட்டார். 1371-இல்தான் திரும்பி வந்தார். கோயிலும் கோஷ்டியும் கலைந்து கிடந்த அந்தக் காலம் முழுவதும் ஈடு ஒவ்வொரு தலைமுறையிலும் ஒரே ஒருவரிடம் இருந்தது. அந்த ஒருவருக்கு ஏதாவது ஆகியிருந்தால், நின்றுபோன பாடத்தின் கதையும் அவரோடு போயிருக்கும். காஞ்சிபுரத்தில் நாலூராச்சான் பிள்ளை வாயால் அதைக் கேட்டவர் திருவாய்மொழிப் பிள்ளை. அவரிடம் ஆழ்வார்திருநகரியில் கேட்ட மாணவர் 1370-இல் பிறந்த மணவாள மாமுனிகள். அவர் ஸ்ரீரங்கம் வந்து கோயிலுக்குள்ளேயே ஈட்டைப் பிரித்த ஆண்டின் கதை அடுத்த இதழில்.